காலத்தை ஓட்டிய கடைப்பையன்



டைம் மெஷின் என்ற சொல் தெரியாதவர் நம் விடுதியில் ஒருவர்கூட இருக்க மாட்டார். 2015-ல் 'இன்று நேற்று நாளை', 2016-ல் '24' என்று தமிழ்ப் படத்திலேயே பார்த்தாகிவிட்டது. விசையை அழுத்தினால் நேற்றைக்குப் போகலாம், நாளைக்குப் போகலாம். சரி, இந்தக் கருவியை உலகத்துக்குக் கொடுத்தவர் யார்? அதன் முதல் வடிவம் எங்கே அச்சானது? சொல்லுங்க பார்ப்போம்!

பெரிய பத்திரிகை எதிலும் இல்லை நண்பர்களே. நீங்கள் இப்போது கையில் வைத்திருக்கும் இந்த மலர் மாதிரி, மாணவர்களே எழுதி மாணவர்களே படித்த ஒரு கல்லூரி இதழில்தான் அது வந்தது. எழுதியவர் அதே கல்லூரியில் கடைசி ஆண்டுத் தேர்வில் தோற்று வெளியேறியவர். பெயர் ஹெர்பர்ட் ஜார்ஜ் வெல்ஸ். சுருக்கமாக எச்.ஜி.வெல்ஸ்.

மலர்க் குழுவில் ஒரு விஞ்ஞானியின் வாழ்க்கையை எழுதச் சொன்னார்கள். எடிசன், கலாம், ராமன் என்று ஆளுக்கொருவரை நண்பர்கள் பிடித்துக்கொண்டார்கள். நான் வெல்ஸ் என்றதும், அவர் விஞ்ஞானியே இல்லையே என்று ஒருவர் மடக்கினார். உண்மைதான். விஞ்ஞானம் படிக்கப் போய், பாதியில் தோற்று, படித்த மிச்சத்தை வைத்துக் கதை கட்டியவர் அவர். ஆனாலும் விட மனசு வரவில்லை. எங்கள் வீட்டில் பள்ளிக்கூடத்தைத் தாண்டிப் படிக்க வந்த முதல் ஆள் நான். பெரிய இடத்துப் பிள்ளைகளின் வரலாறு எனக்கு அவ்வளவாக ஒட்டுவதில்லை. இவருடையது ஒட்டுகிறது.

வெல்ஸ் 1866 செப்டம்பர் 21-ல் லண்டனுக்கு அருகே பிராம்லி என்ற ஊரில் பிறந்தார். அப்பா ஜோசப் முன்பு தோட்டக்காரர். பிறகு கடைத்தெருவில் ஒரு சின்னக் கடை போட்டார். பீங்கான் பாத்திரமும் கிரிக்கெட் மட்டையும் சேர்த்து விற்கும் கடை. எந்த ஊரில் இந்த இரண்டும் ஒரே கடையில் ஓடும்? ஓடவில்லை. மனிதர் நல்ல பந்து வீச்சாளர். 1862-ல் கென்ட் அணிக்காக சஸ்செக்ஸுக்கு எதிராக அடுத்தடுத்த நான்கு பந்துகளில் நான்கு விக்கெட் எடுத்தவர். அந்த ஆட்டத்தில் கிடைத்த கூலியும் சேர்ந்துதான் குடும்பத்துக்கு அடுப்பெரிந்தது. அம்மா சாரா, பெரிய வீட்டில் எஜமானி அம்மாளுக்குப் பணிப்பெண்ணாக இருந்தவர். அவர்களுடைய சமையலறை கடைக்கு அடியில், தரைமட்டத்துக்குக் கீழே இருந்தது. இந்த நிலவறையைக் கொஞ்சம் ஞாபகம் வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் வரும்.

ஏழு வயதில் பையனுக்குக் கால் முறிந்தது. வாரக்கணக்கில் படுக்கை. அப்பா நூலகத்திலிருந்து புத்தகம் எடுத்து வந்து போட்டார். அந்தக் கால் முறிவுதான் தன்னைப் படிப்பாளி ஆக்கியது என்பது வெல்ஸின் கணக்கு. ஆனால் 1877-ல் அப்பாவுக்குத் தொடை எலும்பு முறிந்தபோது குடும்பத்துக்கு இப்படி ஒரு நல்லதும் வரவில்லை. கிரிக்கெட் போனது, அந்த வருமானமும் போனது. 1880-ல் அம்மா, முன்பு வேலை பார்த்த அப்பார்க் மாளிகைக்கே வீட்டு நிர்வாகியாகத் திரும்பிப் போனார். வீடு கலைந்தது.

அப்பார்க் சஸ்செக்ஸில் இருக்கிறது. மேலே துரைமார் கூடம், கீழே வேலைக்காரர் அறைகள். சமையலறைக்கும் குதிரை லாயத்துக்கும் நிலத்தடியில் சுரங்க வழி உண்டு. வேலைக்காரர்கள் முற்றத்தில் நடந்து கண்ணில் படக்கூடாதாம்! அம்மாவைப் பார்க்கப் போகும்போதெல்லாம் பையன் அந்தக் கீழ்த்தளத்தில்தான் தங்குவான். மேலே பரணில் பித்தளைத் துண்டுகள் கிடந்த பெட்டி ஒன்று அகப்பட்டது. என்னவென்று தெரியாமலே ஒவ்வொன்றாகப் பொருத்திப் பார்த்தான். தொலைநோக்கி! நடு ராத்திரியில் ஜன்னலைத் திறந்து வைத்து நிலாவின் பள்ளங்களைப் பார்த்துக்கொண்டிருந்தவனை அம்மா கண்டுபிடித்தார். அசெம்பிளி டிராயிங் இல்லாமல் அசெம்பிளி செய்தவன் நம் ஆள்.

ஆனால் அம்மா போட்ட திட்டம் வேறு. அண்ணன்கள் இருவரும் ஜவுளிக்கடையில் வேலை பழகப் போனவர்கள். தம்பியும் அதே வழி. முதலில் விண்ட்சரில் ஒரு ஜவுளிக்கடை. கல்லாவில் உட்கார்ந்து கனவு கண்டால் கணக்கு எப்படி நேராகும்? அனுப்பிவிட்டார்கள். பிறகு மிட்ஹர்ஸ்ட் ஊரில் ஒரு மருந்துக்கடை. அந்தத் தொழிலுக்கு லத்தீன் வேண்டும் என்று உள்ளூர்ப் பள்ளித் தலைமை ஆசிரியர் ஹோரஸ் பயட்டிடம் பாடம் கேட்கப் போனான். பையனின் மூளை எப்படிப்பட்டது என்று பயட்டுக்கு உடனே பிடிபட்டது. ஆனால் மருந்துத் தொழில் பழக ஆகும் செலவு கட்டுப்படியாகவில்லை. 1881-ல் சவுத்சீயில் ஹைட் என்பவரின் பெரிய ஜவுளிக்கடையில் சேர்த்துவிட்டார் அம்மா. நான்கு வருஷ ஒப்பந்தம். வேலை பழகக் கொடுக்கிறவர்தான் பணம் கட்ட வேண்டும், 50 பவுண்ட்! ஒரு நாளைக்குப் பதின்மூன்று மணி நேர வேலை. தூங்குவது கடையாட்களோடு ஒரே பெரிய அறையில். துணியை விரி, மடி, கட்டு, மறுபடி விரி.

இந்த இடத்தில் கொஞ்சம் நிற்கிறேன். என் அக்கா துணிக்கடையில்தான் வேலை பார்க்கிறாள். அவள் நின்ற நிற்பில்தான் என் செமஸ்டர் கட்டணம் கட்டப்படுகிறது. ராத்திரி வந்ததும் வெந்நீரில் கால் வைத்துக்கொண்டு உட்காருவாள், கணுக்கால் வீங்கி இருக்கும். கடை ஆட்கள் உட்கார இருக்கை போட வேண்டும் என்று தமிழ்நாட்டில் சட்டத்தைத் திருத்தியது 2021-ல். இங்கிலாந்தில் கடைப் பெண்களுக்கு இருக்கை தரச் சட்டம் வந்தது 1899-ல். இரண்டுக்கும் நடுவே 122 வருஷம். டைம் மெஷினில் பயணம் போக எங்கேயும் போகத் தேவையில்லை, பஸ் பிடித்து நம் ஊர் கடைத்தெருவுக்கு வந்தால் போதும் என்று தோன்றும். அக்காவின் கடையில் ஸ்டூல் வந்துவிட்டதாம். அதில் உட்கார்ந்தால் சூப்பர்வைசர் பார்க்கும் பார்வைதான் இன்னும் மாறவில்லையாம்.

சரி, வெல்ஸுக்கு வருவோம். இரண்டு வருஷம் பொறுத்தார். 1883-ல் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, சாப்பிடாமல்கூட கிளம்பிப் பதினேழு மைல் நடந்தார். நம் கணக்கில் 27 கிலோமீட்டர். அப்பார்க் வழியில், சர்ச்சிலிருந்து திரும்பிக்கொண்டிருந்த அம்மா முன்னால் போய் நின்று, இனி கடைக்குப் போக மாட்டேன் என்றார். கட்டிய பணம் போய்விடும் என்ற கவலை அம்மாவுக்கு. அதைத் தப்பு சொல்ல என்னால் முடியாது. பணம் கட்டியவருக்குத்தானே அந்த வலி தெரியும்? கெஞ்சினார்கள், அழுதார்கள், கடிதம் மேல் கடிதம் போனது. கடைசியில் அம்மா இறங்கி வந்தார். பயட், பையனைத் தன் பள்ளியில் துணை ஆசிரியனாக எடுத்துக்கொண்டார்.

அந்தப் பயட் கெட்டிக்காரர். அந்தக் காலத்தில் மாணவன் அறிவியல் பாடத்தில் தேறினால், சொல்லிக்கொடுத்தவருக்கு அரசு மானியம் தரும். பயட் மாலை வகுப்பு என்று பேருக்குப் பல வகுப்புகளைப் பதிவு செய்தார். அத்தனை வகுப்புக்கும் சேர்த்து ஒரே மாணவன் வெல்ஸ்! பாடப்புத்தகத்தைக் கையில் கொடுத்து உட்கார வைத்துவிட்டு, ஆசிரியர் தன் கடிதங்களை எழுதிக்கொண்டிருப்பார். வெல்ஸ் புத்தகம் புத்தகமாக விழுங்கித் தேறிக்கொண்டே போனார். ஆசிரியருக்கு மானியம், மாணவனுக்கு மதிப்பெண். தேர்வு முடிவுகளைப் பார்த்து லண்டன் சவுத் கென்சிங்டனில் இருந்த நார்மல் ஸ்கூல் ஆஃப் சயன்ஸ் கல்லூரியே உதவித்தொகையோடு கூப்பிட்டது. வாரம் ஒரு கினி, அதாவது 21 ஷில்லிங். 1884-ல், பதினெட்டு வயதில், வெல்ஸ் கல்லூரி வாசலை மிதித்தார். பதினெட்டு. நம் வயசு.

முதல் வருஷம் உயிரியல். சொல்லிக்கொடுத்தவர் தாமஸ் ஹக்ஸ்லி. டார்வினின் பரிணாமக் கொள்கையை மேடை மேடையாக நின்று காத்த அதே ஹக்ஸ்லி. அது அவர் வகுப்பெடுத்த கடைசி வருஷம். வெல்ஸ் அவரோடு பேசியது ஒரே ஒரு முறை, அதுவும் கதவைத் திறந்து பிடித்துக்கொண்டு காலை வணக்கம் சொன்னதுதான். ஆனால் அந்த ஒரு வருஷப் பாடம் ஆயுசுக்கும் போதுமானதாக இருந்தது. முதல் வகுப்பில் தேறினார்.

இரண்டாம் வருஷம் இயற்பியல், கத்ரி என்ற பேராசிரியர். சோதனைக் கருவிகளை மாணவர்களே செய்ய வேண்டும் என்பது அவர் முறை. கண்ணாடிக் குழாயை ஊது, மரத்தை அறு, அளவு கோடு போடு. நம்மைப் பொறுத்தவரை இதைவிட நல்ல பாடம் இல்லை. வெல்ஸுக்குப் பிடிக்கவில்லை, கையும் வரவில்லை. மூன்றாம் வருஷம் புவியியல். பாறைகளை அடுக்கிப் பெயர் மனப்பாடம் செய்யும் வகுப்பாக இருந்ததாம். 1887-ல் கடைசித் தேர்வில் தோற்றார். பட்டம் இல்லை, பட்டயமும் இல்லை.

வகுப்பில் இல்லாத ஆள் எங்கே இருந்தார்? விவாத மன்றத்தில்! வாரக் கடைசியில் மத்தியானச் சாப்பாட்டுக்குக் காசு இருக்காது, பேச்சுக்கு மட்டும் குறைச்சல் இருக்காது. அந்த மன்றத்தில் சக மாணவர் ஒருவர் நான்காம் பரிமாணம் பற்றி ஒரு கட்டுரை வாசித்தார். விதை விழுந்தது அங்கேதான். 1886 டிசம்பரில் வெல்ஸும் நண்பர்களும் 'சயன்ஸ் ஸ்கூல்ஸ் ஜர்னல்' என்ற மாணவர் இதழைத் தொடங்கினார்கள். முதல் ஆசிரியர் வெல்ஸ். படிப்பைக் கெடுத்துக்கொண்டு இது எதுக்கு என்று அங்கேயும் யாராவது கேட்டிருப்பார்கள்.

கல்லூரியை விட்டதும் வேல்ஸ் பகுதியில் ஹோல்ட் என்ற ஊரில் ஒரு பள்ளியில் வாத்தியார் வேலை. அங்கே கால்பந்து விளையாட்டில் மாணவன் ஒருவன் முரட்டுத்தனமாக இடித்துத் தள்ள, வெல்ஸுக்குச் சிறுநீரகம் நசுங்கியது. கொஞ்ச நாளில் இருமலில் ரத்தம் வந்தது. காசநோய் என்றார்கள். வேலையை விட்டுவிட்டு அப்பார்க் மாளிகைக்கே திரும்பி, மீண்டும் அம்மாவின் அறைகளில் படுக்கை. இருபத்தோரு வயது, வேலையில்லை, பட்டமில்லை, உடம்பில்லை. எத்தனை நாள் மிச்சம் இருக்கிறது என்றே தெரியாத நிலையில்தான் அவர் காலத்தைப் பற்றி எழுதினார். நான் திரும்பத் திரும்ப யோசிப்பது இந்த இடத்தைத்தான்.

'தி க்ரானிக் ஆர்கோநாட்ஸ்' என்பது அந்தக் கதையின் பெயர். நண்பர்கள் நடத்திக்கொண்டிருந்த அதே மாணவர் இதழில் 1888 ஏப்ரல், மே, ஜூன் என்று மூன்று மாதம் வந்து, முடியாமலே நின்றுவிட்டது. கதை இதுதான். வேல்ஸ் நாட்டுக் கிராமம் ஒன்றுக்கு நெபோகிப்ஃபெல் என்ற விசித்திரமான டாக்டர் வந்து, கொலை நடந்த பாழடைந்த வீடு ஒன்றில் குடியேறுகிறார். ராத்திரி முழுக்கச் சத்தம், வெளிச்சம். ஊர்க்காரர்களுக்குச் சந்தேகம் வருகிறது. பில்லி சூனியம் வைக்கிறான், மந்திரவாதி என்று கூட்டம் கூடி வீட்டைத் தாக்குகிறது. உள்ளே இருப்பதோ காலத்தில் போகும் கருவி. டாக்டரும், அங்கே வந்த பாதிரியார் ஒருவரும் அதில் ஏறி மறைந்துவிடுகிறார்கள். நம் ஊர்ப் பேய்க் கதைக்கும் இதற்கும் எவ்வளவு ஒற்றுமை! ஒரு வித்தியாசம் பாருங்கள். ஊருக்கு மந்திரமாகத் தெரிவது, செய்தவருக்கு வெறும் இயந்திரம். கதை சுமார்தான், பேச்சு அதிகம். பின்னாளில் வெல்ஸுக்கே பிடிக்காமல் போய், கிடைத்த பழைய இதழ்களை வாங்கி அழித்தார் என்று அவர் வரலாற்றை எழுதியவர்கள் சொல்கிறார்கள்.

காலம் தாண்டும் கதையே அதற்கு முன் இல்லை என்று சொல்லிவிடக் கூடாது. தூங்கி எழுந்தால் இருபது வருஷம் கடந்திருந்த ரிப் வான் விங்கிள் கதை 1819-லேயே வந்தது. 1881-ல் அமெரிக்கர் எட்வர்ட் பேஜ் மிட்செல் பின்னோக்கி ஓடும் கடிகாரத்தை வைத்துக் கதை எழுதினார். 1887-ல் ஸ்பெயின் எழுத்தாளர் என்ரிக்கே காஸ்பர் ஒரு பெரிய இரும்புப் பெட்டியையே காலத்தில் பறக்க விட்டார். ஆக முதல் கருவி வெல்ஸுடையது என்று சண்டை போட முடியாது. ஆனால் நிலைத்தது இவருடையதுதான். ஏன் என்று கடைசிப் பிரதியைப் பார்த்தால் புரியும்.

அதற்குள் இரண்டு வரி. உடம்பு கொஞ்சம் தேறியதும் லண்டன் திரும்பினார். பள்ளியில் பாடம் நடத்திக்கொண்டே 1890-ல் லண்டன் பல்கலைக்கழகத்தில் வெளிமாணவராக பி.எஸ்ஸி. எழுதினார். விலங்கியலில் முதல் வகுப்பு. தோற்ற அதே புவியியலில் இரண்டாம் வகுப்பு! அரியர் வைத்திருக்கும் நண்பர்கள் இந்த வரியைத் தனியாகக் கத்தரித்து வைத்துக்கொள்ளலாம். பிறகு அஞ்சல் வழிக் கல்லூரியில் ஆசிரியர். 1893-ல் உயிரியல் பாடப்புத்தகம் ஒன்று வெளியானது. அதே வருஷம் மே மாதம் மறுபடி ரத்த வாந்தி. வகுப்பில் நின்று கத்துவது இனி ஆகாது என்று ஆனது. உட்கார்ந்து செய்யக்கூடிய தொழில் எழுத்து ஒன்றுதான்.

1894-ல் ஹென்லி என்ற பத்திரிகை ஆசிரியர் அந்தப் பழைய யோசனையைத் தொடர் கட்டுரைகளாக வெளியிட்டார். அது பாதியில் நின்றது. பிறகு அவரே வேறொரு இதழுக்கு அதை முழுக் கதையாகக் கேட்டார். அந்தக் கோடையில் செவனோக்ஸ் என்ற ஊரில் வாடகை அறையில் உட்கார்ந்து வெல்ஸ் எழுதினார். ராத்திரி வெகு நேரம் விளக்கு எரிகிறது, எண்ணெய் வீணாகிறது என்று வீட்டுக்கார அம்மா ஜன்னலுக்கு வெளியே பக்கத்து வீட்டாரிடம் புலம்பியது அவர் காதில் விழுந்துகொண்டே இருந்ததாம். 1895 ஜனவரி முதல் மே வரை 'நியூ ரிவ்யூ' இதழில் தொடர் வந்தது. 100 பவுண்ட் கிடைத்தது. மே மாதமே புத்தகமும் வந்தது. பெயர் 'தி டைம் மெஷின்'. அமெரிக்கப் பதிப்பில் ஆசிரியர் பெயரை எச்.எஸ்.வெல்ஸ் என்று தப்பாக அச்சடித்திருந்தார்கள். நம் மலரில் எத்தனை பிழை வந்தாலும் இதை நினைத்து ஆறுதல் அடையலாம்.

இப்போது அந்தக் கருவியைப் பாருங்கள். நிக்கல் தண்டுகள், தந்தம், பித்தளைச் சட்டம், ஸ்படிகம். உட்கார ஒரு இருக்கை, சைக்கிள் சீட் மாதிரி. இரண்டு நெம்புகோல். ஒன்று எதிர்காலத்துக்கு, ஒன்று பின்னோக்கி. எதிரே முகப்புகள், நம் பழைய ஈ.பி. மீட்டரில் சின்னச் சின்ன வட்டமுள் இருக்குமே, அது போல. ஒன்று நாட்களைக் காட்டும், அடுத்தது ஆயிரம் நாட்களை, அதற்கடுத்தது பத்து லட்சம் நாட்களை, கடைசியானது நூறு கோடி நாட்களை. காலம் ஓட ஓட அதைக் கண்காணிக்கும் காவல்காரர்கள் இந்த முட்கள்தான். கதாநாயகன் போய் இறங்கும் வருஷம் 8,02,701. நான் கால்குலேட்டரில் போட்டுப் பார்த்தேன். சுமார் 29 கோடி நாள். மூன்றாவது முகப்பு 292-ஐக் காட்டும், கடைசி முகப்பின் முள் மூன்றில் ஒரு பங்குகூட நகர்ந்திருக்காது. இப்படிக் கணக்குப் போட இடம் கொடுக்கும் மந்திரக் கருவியை எங்காவது பார்த்திருக்கிறீர்களா?

இன்னொன்று. கருவியைப் பூட்டி முடிக்கும் நேரத்தில், வெள்ளிக்கிழமை, ஒரு நிக்கல் தண்டு சரியாக ஒரு அங்குலம் குறைவாக இருப்பது தெரிகிறது. திருப்பிச் செய்யக் கொடுத்ததில் பயணம் தள்ளிப்போகிறது. ஒர்க்ஷாப்பில் ஜாப் அண்டர்சைஸ் ஆகி முழிக்கிற நமக்கு இதைவிட நம்பகமான வரி உண்டா? கருவி எப்படி வேலை செய்கிறது என்பதை அவர் கடைசிவரை சொல்லவே இல்லை. ஆனால் ஒரு அங்குலம் குறைந்ததைச் சொல்லிவிட்டார். நாம் நம்பிவிடுகிறோம். கத்ரியின் லேப் வீணாகப் போகவில்லை என்று நினைத்துக்கொள்கிறேன்.

தத்துவமும் கொஞ்சம் இருக்கிறது. ஒரு ஜாப்புக்கு நீளம், அகலம், தடிமன் மூன்றும் இருந்தால் போதாது, ஒரு நொடியாவது அது நீடித்திருக்க வேண்டும், அப்போதுதான் அது பொருள். ஆகவே காலமும் ஒரு அளவு என்கிறார் கதாநாயகன். ஐன்ஸ்டைனின் சிறப்புச் சார்பியல் வந்தது 1905-ல், அதற்குப் பத்து வருஷம் கழித்து. வெல்ஸ் அதை முன்கூட்டியே கண்டுபிடித்தார் என்று சிலர் எழுதுவது மிகை. ஆனால் வேகமாகப் போகும் கடிகாரம் மெதுவாக ஓடும் என்பது உண்மை. 1971-ல் அணுக் கடிகாரங்களை விமானத்தில் உலகம் சுற்ற வைத்துச் சோதித்தார்கள். நம் போனுக்கு வழி காட்டும் ஜி.பி.எஸ். செயற்கைக்கோள்களில் வேகமும் ஈர்ப்பும் சேர்ந்து நாளுக்குச் சுமார் 38 மைக்ரோ விநாடி வித்தியாசத்தைத் திருத்த வேண்டியிருக்கிறது. முன்னோக்கிப் போவது அந்த அளவில் நடக்கிற காரியம்தான். பின்னோக்கிப் போக இன்றுவரை வழியில்லை.

அந்த 8,02,701-ல் என்ன இருக்கிறது? மனித இனம் இரண்டாகப் பிரிந்து கிடக்கிறது. மேலே வெயிலில் பூவும் பழமுமாக, வேலையே செய்யாத, மெல்லிய எலோய்கள். நிலத்தடியில் இருட்டில், இயந்திரங்களோடு, வெளுத்துப்போன மார்லாக்குகள். முதலாளி பரம்பரை மேலே, தொழிலாளி பரம்பரை கீழே. ராத்திரியில் கீழே இருப்பவர்கள் ஏறி வந்து மேலே இருப்பவர்களைத் தின்கிறார்கள். பிராம்லி நிலவறைச் சமையலறையும் அப்பார்க் சுரங்கமும் இப்போது ஞாபகம் வருகிறதா?

எனக்கு இங்கே ஒரு நெருடல் உண்டு. கீழ்த்தளத்தில் வளர்ந்தவர், கீழ்த்தள மனிதர்களை ஏன் இப்படி அருவருப்பான மிருகங்களாக்கினார்? தப்பித்து மேலே வந்தவருக்குத் திரும்பிப் பார்க்கப் பயமா? இந்தக் கதையை ஒரு ராத்திரி அக்காவுக்குச் சொன்னேன். எல்லாம் கேட்டுவிட்டு அவள் கேட்டது ஒன்றுதான், அந்த மேலே இருக்கிறவங்களுக்குத் துணி யார் நெய்து தைத்துக் கொடுக்கிறாங்க என்று. தேடிப் பார்த்தேன். வெல்ஸ் அதையும் எழுதியிருக்கிறார். மார்லாக்குகள்தான்! இன்னொன்றும் கண்ணில் பட்டது. கதாநாயகனின் கருவியை அவர்கள் திருடிக்கொண்டு போகிறார்கள் அல்லவா? திரும்பக் கிடைக்கும்போது அது சுத்தமாகத் துடைத்து, எண்ணெய் போடப்பட்டு இருக்கிறது. எட்டு லட்சம் வருஷத்துக்குப் பிறகு உலகத்தில் இயந்திரத்துக்கு எண்ணெய் போடத் தெரிந்தவர்கள் அந்த நிலவறைக்காரர்கள் மட்டும்தான். எலோய்களுக்கு அது கூடத் தெரியாது. வெல்ஸ் தன் ஆட்களை முழுசாகக் கைவிடவில்லை என்பது என் கட்சி. நண்பர்கள் மறுக்கலாம், விடுதியில் வைத்து விவாதிப்போம்.

பிறகு புகழ் வந்தது, பணம் வந்தது. 1896-ல் 'தி ஐலண்ட் ஆஃப் டாக்டர் மோரோ', 1897-ல் 'தி இன்விசிபிள் மேன்', 1898-ல் 'தி வார் ஆஃப் தி வேர்ல்ட்ஸ்'. ஜவுளிக்கடை வாழ்க்கையும் வீணாகாமல் 1905-ல் 'கிப்ஸ்', 1910-ல் 'தி ஹிஸ்டரி ஆஃப் மிஸ்டர் பாலி' என்று நாவல்களாயின. 1914-ல் வந்த 'தி வேர்ல்ட் செட் ஃப்ரீ' கதையில் அணுகுண்டு என்ற பெயரையே போட்டு எழுதினார். அதை 1932-ல் படித்த லியோ சிலார்ட் என்ற இயற்பியல் அறிஞருக்கு, மறு வருஷம் லண்டனில் தொடர்வினை பற்றிய யோசனை உதித்தது. 1945-ல் ஹிரோஷிமாவில் குண்டு விழுந்தபோது வெல்ஸ் உயிரோடு இருந்தார்.

எல்லாம் புகழ்ச்சியாகவே எழுதினால் அது வாழ்க்கை வரலாறு ஆகாது. 1891-ல் அப்பாவின் சகோதரர் மகள் இசபெல்லை மணந்து, சில வருஷத்தில் பிரிந்து, தன்னிடம் படித்த கேத்தரினை 1895-ல் மணந்தார். அதன் பிறகும் வீட்டுக்கு உண்மையாக இருந்தவர் அல்லர். அதைவிட என்னைச் சுட்டது வேறு. 1901-ல் வந்த 'ஆன்டிசிபேஷன்ஸ்' நூலில், வருங்கால உலகத்தின் திறமைக்கு ஈடுகொடுக்க முடியாத கறுப்பு, பழுப்பு, மஞ்சள் நிற மக்கள் மறைந்துதான் போக வேண்டும் என்ற கருத்தை எழுதியிருக்கிறார். அந்தப் பழுப்பில் நானும் நீங்களும் அடக்கம். நான்கு வருஷம் கழித்து 1905-ல் 'எ மாடர்ன் யுடோபியா' நூலில் இனவெறியைக் கடுமையாகச் சாடினார் என்பதையும் சொல்ல வேண்டும். ஆனால் முதலில் எழுதியது எழுதியதுதான். பின்னோக்கிப் போய் அழிக்க அவரிடமும் கருவி இல்லை.

நார்மல் ஸ்கூல் பிறகு ராயல் காலேஜ் ஆஃப் சயன்ஸ் என்று பெயர் மாறி, 1907-ல் இம்பீரியல் காலேஜின் பகுதியானது. அதன் பழைய மாணவர் சங்கம் உருவானபோது, 1909-ல் முதல் தலைவர் யார் தெரியுமா? கடைசித் தேர்வில் தோற்ற வெல்ஸ்! நீரிழிவு வந்த பிறகு, டாக்டர் லாரன்ஸ் என்பவரோடு சேர்ந்து 1934-ல் நீரிழிவு நோயாளிகளுக்காக ஒரு சங்கம் தொடங்கினார். அது பின்னாளில் டயபடீஸ் யுகே என்ற பெயரில் வளர்ந்தது. அவருக்கு உள்ளுக்குள் ஒரு குறை இருந்துகொண்டே இருந்தது. ராயல் சொசைட்டியில் உறுப்பினராக வேண்டும் என்ற ஆசை. எழுத்தாளர் என்று ஒதுக்கிவிட்டார்கள், கடைசிவரை கிடைக்கவில்லை. ஆனாலும் எழுபது வயதுக்கு மேல் உட்கார்ந்து உயிரியலில் ஒரு ஆய்வேடு எழுதி, லண்டன் பல்கலைக்கழகத்திடம் 1943-ல் டாக்டர் ஆஃப் சயன்ஸ் பட்டம் வாங்கினார். உலகமே அறிந்த ஆளுக்கு அந்தக் காகிதம் எதற்கு என்று கேட்கத் தோன்றும். வீட்டிலேயே முதல் ஆளாகப் படிக்க வந்தவர்களிடம் கேளுங்கள், எதற்கு என்று சொல்வார்கள்.

லண்டனில் குண்டு மழை பொழிந்த நாட்களிலும் வீட்டைக் காலி செய்ய மறுத்து அங்கேயே இருந்தார். இருபத்தோரு வயதில் நாள் எண்ணிக்கொண்டிருந்தவர் இறந்தது 1946 ஆகஸ்ட் 13-ல். இன்னும் ஐந்து வாரம் சொச்சம் இருந்திருந்தால் எண்பது நிறைந்திருக்கும். அஸ்தியை மகன்கள் இங்கிலாந்தின் தெற்குக் கரையோரம் கடலில் தூவினார்கள்.